ஏழடிப் பள்ளத்தில் அப்பாதுரை

1

இந்தக் கதை எனக்கு ஒரு போன் அழைப்பாக வந்தது. 2014, ஆவணி. அப்போது நான் திண்டிவனத்தில் ரெடிமேட் வீடு விற்றுக்கொண்டிருந்தேன். சுவர், கூரை எல்லாம் பலகையாக லாரியில் வந்து இறங்கும். நாலே நாளில் பூட்டி நிறுத்திவிடலாம். "சார், அந்த வீட்டுக்குக் கீழ ஒரு ரூம் போட முடியுமா?" என்று ஒரு பெண் கேட்டார். அதுவரை யாரும் என்னிடம் வீட்டுக்குக் கீழே எதையும் கேட்டதில்லை.

("கூட்டேரிப்பட்டு நெடுஞ்சாலையில் வெயில்" என்று முதலில் தொடங்கினேன். எங்கள் பக்கத்தில் வெயில் இல்லாத கதை ஏது? அடித்துவிட்டேன்.)

2

அவர் பெயர் மலர்விழி. கணவர் அப்பாதுரை ராத்திரி லாரி ஓட்டுகிறவர். பகலில் தூங்க வேண்டியவர். மனையோ கூட்டேரிப்பட்டு ஜங்ஷனை ஒட்டி. எந்த பஸ்ஸும் அங்கே ஆரன் அடிக்காமல் போகாது. பலகைச் சுவர் சத்தத்தை நிறுத்தாது, மண் நிறுத்தும் என்பது மலர்விழியின் எண்ணம்.

நான் போனபோது மேஸ்திரி சக்கரபாணி தலையாட்டிக்கொண்டிருந்தார்.

"பேஸ்மென்ட்தானம்மா? மூணடி போட்டுத் தர்றேன்."

"மூணடியில எப்டி மேஸ்திரி ஆளு நிக்கும்?"

எங்கள் ஊர்க் கட்டட வேலையில் பேஸ்மென்ட் என்றால் தரைக்கு மேலே எழுப்பும் மேடை. மேஸ்திரி மேலே போய்க்கொண்டிருந்தார், மலர்விழி கீழே. இருவரையும் சேர்த்துவைக்க எனக்கு அரைமணி நேரம் பிடித்தது.

3

அப்பாதுரையை, புதுசு என்றாலே ஒதுங்குகிற ஆளாக எழுதிவைத்திருந்தேன். தப்பு. பலகையைத் தட்டித் தட்டிப் பார்த்து, "நட்டு கழட்டி வேற ஊருக்கு எடுத்துக்கினு போலாமா சார்?" என்று ஆசையாகக் கேட்டவர் அவர்தான். பள்ளம்தான் பிடிக்கவில்லை.

"உசுரோட இருக்கசொல்லவே குழியில படுக்கச் சொல்றியா மலரு?"

"ஒருவாட்டி படுத்துப் பாரு. அப்பறம் பேசு."

4

மண் எப்படி என்று பார்க்க ஜேசிபி வைத்து ஏழடி தோண்டினோம். மேலே படுதா கட்டினோம். பதினோரு மணிக்கு, மனைவியின் வாயை அடைக்கத்தான், அப்பாதுரை ஏணி வைத்து இறங்கினார். சாக்கை விரித்துப் படுத்தார். "பாத்தாச்சா? போதுமா?" என்றார். பிறகு சத்தமே இல்லை.

தூங்கிவிட்டார்.

நாங்கள் மூவரும் சைகையில் பேசிக்கொண்டோம். மேஸ்திரி தின்றுகொண்டிருந்த மல்லாட்டைக் கடலையை உடைப்பதைக்கூட நிறுத்திவிட்டார். மூன்றரைக்கு அப்பாதுரை மேலே வந்தார். முகம் கழுவிவிட்டாற்போலத் தெளிந்திருந்தது. சட்டையின் முதுகு மட்டும் நனைந்து ஒட்டிக்கொண்டிருந்தது.

"ஊத்து வருது" என்றார் மேஸ்திரி. "ஆவணியிலயே இப்டின்னா ஐப்பசியில தண்ணித் தொட்டிதான்."

"தடுக்க முடியாதா?" என்றார் மலர்விழி.

"தடுக்கலாம்மா. எத்தினி வருசம் நிக்கும்னு மட்டும் என்னைக் கேக்காத."

5

நான் எழுதிப் பார்த்த முடிவுகள்.

அ) கட்டினார்கள். இரண்டு வருஷம் நன்றாகத் தூங்கினார். மூன்றாவது மழையில் அறை முழுக்க —

ஆ) கட்டவில்லை. ஒருநாள் விக்கிரவாண்டி தாண்டி, லாரி —

(இதை முடிக்க என்னால் ஆகவில்லை. முயன்றேன்.)

நடந்ததைச் சொல்கிறேன். அப்பாதுரை ஈரச் சட்டையோடு செங்கல் குவியலில் உட்கார்ந்தார்.

"மலரு, போன மாசம் ஒலக்கூர்கிட்ட கண்ணு அசந்துட்டேன். முழிச்சிப் பாத்தா வண்டி சென்டர் மீடியன ஒரசிக்கினு போவுது. ஒங்கிட்ட சொல்லல."

மலர்விழி திட்டவில்லை. சட்டையைக் கழற்றச் சொல்லி, முந்தானையால் அவர் முதுகைத் துடைத்தார். பிறகு போனை எடுத்து அவர் கையில் வைத்தார்.

"மொதலாளி, இன்னைக்கி நான் வண்டி எடுக்கல... இல்லீங்க, ஒடம்பு நல்லாத்தான் கீது. தூக்கம் பத்தல."

பத்து வருஷத்தில் அப்படி அவர் சொன்னது அதுதான் முதல்முறையாம்.

வீட்டுக்கான ஒப்பந்தத் தாளில் 'கீழ் அறை' என்று நான் கையால் எழுதி, பக்கத்தில் 'உண்டு', 'இல்லை' என்று இரண்டு கட்டம் போட்டிருந்தேன். மலர்விழி பேனாவை வாங்கிக்கொண்டு, "நீங்களா இருந்தா இன்னா பண்ணுவீங்க சார்?" என்றார்.

ஏதோ சொன்னேன். சரியாகத்தான் சொன்னேனா என்று இன்றுவரை தெரியவில்லை. அதனால் அதை இங்கே எழுதப்போவதில்லை. இந்தக் கதையில் ஏணி இன்னும் பள்ளத்தில்தான் நிற்கிறது. நீங்களும் ஒருமுறை இறங்கி, சாக்கில் படுத்துப் பாருங்கள். மேலே வந்து கட்டத்தை நிரப்புங்கள்.