சமையலறைக் குழாய்

பிளம்பரின் மனைவி பேச்சை நிறுத்திய மூன்றாம் நாள், காலை ஆறேகாலுக்கு, அவர்கள் வீட்டுச் சமையலறைக் குழாய் பேச ஆரம்பித்தது. திறந்தால் தண்ணீரோடு அவள் குரலும் வந்தது. மூடினால் இரண்டும் நின்றன. பேசியது அவளுடைய மொழி. பதினொரு வருஷம் குடும்பம் நடத்தியும் பிளம்பருக்கு அந்த மொழியில் எண்ண மட்டும்தான் தெரியும், அதுவும் ஏழு வரைக்கும். மேல்வீட்டுக்காரர்கள் பெரிதாக ஒன்றும் சொல்லவில்லை. விடிவதற்கு முன் குழாயைத் திறக்க வேண்டாம் என்று மட்டும் கேட்டுக்கொண்டார்கள்.

நடந்தது இதுதான். கல்யாணமானபோது பிளம்பர் தன் வீட்டுக்கு நாலு வரியில் ஒரு கடிதம் போட்டிருந்தான். பெண் வேறு இனம், வேறு மொழி என்பது அந்த நாலு வரியில் இல்லை. அவனை இடுப்பில் தூக்கி வளர்த்த அக்கா, இத்தனை வருஷம் கழித்து, இரண்டு நாள் தங்கிவிட்டுப் போகிறேன் என்று சொல்லி அனுப்பினாள். மனைவிக்குத் தலைகால் புரியவில்லை. ஜன்னல் கம்பியைக்கூட ஒவ்வொன்றாகத் துடைத்தாள். அவளுக்குப் புருஷன் மொழி நன்றாகவே வரும். ஆனால் மனசில் இருப்பதைச் சொல்லத் தன் மொழிதான் சரிப்படும் என்பாள். அதனால் அக்காவிடம் சொல்ல வேண்டியதைப் பாத்திரம் கழுவிக்கொண்டே சொல்லிச் சொல்லிப் பழகினாள். எட்டு வயது மகள் அதை அத்தைக்கு மாற்றிச் சொல்வதாக ஏற்பாடு.

பிளம்பர் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டுதான் இருந்தான். மனைவியின் முகத்தைப் பார்த்து யாராலும் எதையும் கண்டுபிடிக்க முடியாது, வாயைத் திறந்தால்தான் வினை என்று கணக்குப் போட்டான். அக்கா படியேறி வரும் சத்தம் கேட்டதும் மனைவியை ஓரமாகக் கூப்பிட்டான்.

"நீ எதுவும் பேச வேணாம். சும்மா சிரிச்சா போதும். ரெண்டு நாள்தானே?" மகளைப் பார்த்து, "நீயும் அம்மா பாஷையைப் பத்தி வாயத் திறக்காத பாப்பா" என்றான்.

முதல் வேளைச் சாப்பாட்டிலேயே அக்கா கேட்டுவிட்டாள். "என்னடா, இவ வாயே திறக்க மாட்டேங்கிறா?"

"பிறவியிலேயே அப்படித்தான்க்கா. பேச்சு வராது."

மனைவி கையில் தண்ணீர்ச் செம்போடு பக்கத்தில்தான் நின்றிருந்தாள். அக்கா எழுந்து அவளைக் கட்டிக்கொண்டு அழுதாள். "இதைப் போயா இத்தனை வருஷம் மறைச்ச? ஊமைப் பொண்ணுக்கு வாழ்க்கை குடுத்திருக்கியே, நீ பெரிய மனுஷன்டா தம்பி" என்றாள். அப்போதாவது அவன் உண்மையைச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. புகழ்ச்சிக்குக் கூச்சப்படுகிறவன் மாதிரி அடக்கமாக நின்றான். இதை எழுதுகிற கைக்கே வெட்கமாக இருக்கிறது.

இரண்டாம் நாள் சாயங்காலம் அக்காவைப் பஸ் ஏற்றிவிட்டு வந்து, "போயாச்சு, இனிமே பேசு" என்றான். அவள் பேசவில்லை. மறுநாள் காலையில் குழாய் பேசியது.

குழாயில் கோளாறு என்றால் பிளம்பர் வேறென்ன செய்வான்? வாஷரை மாற்றினான். பிறகு குழாயையே மாற்றினான். பிறகு சுவரைக் கொத்திப் பைப்பை எடுத்துவிட்டுப் புதுப் பைப் போட்டான். குரல் இன்னும் தெளிவாக வந்தது. குளியலறை ஷவரில் அது முணுமுணுப்பாக வந்தது. தன்னைத்தான் திட்டுகிறாள் என்று அவன் முடிவுகட்டினான். அவள் இடத்தில் அவன் இருந்தால் அதைத்தான் செய்திருப்பான். மகளிடம் அர்த்தம் கேட்க மானம் இடம் கொடுக்கவில்லை. எட்டாம் நாள் மெயின் வால்வை இறுக்கி மூடிவிட்டு, கீழேயிருந்து வாளி வாளியாகத் தண்ணீர் சுமந்தான்.

மூன்று நாள் பொறுத்துப் பார்த்த மகள், தலையில் சோப்பு நுரையோடு வந்து நின்றாள். "எதுக்குப்பா மூடி வச்சிருக்கீங்க?"

"அம்மா திட்டுறது கேக்க முடியல பாப்பா."

"யாரு திட்டுனா? அது அத்தைக்குச் சொல்ல வச்சிருந்தது."

அவளே வால்வைத் திறந்தாள். குழாய் சொல்லச் சொல்ல மாற்றிச் சொன்னாள்: "வாங்கண்ணி. நீங்க தூக்கி வளத்த புள்ள இன்னும் வாயத் தொறந்துட்டுதான் தூங்குறாரு. நல்லா வளத்திருக்கீங்க. உங்கள பாக்க பதினோரு வருஷமா காத்திருந்தேன்." அவ்வளவுதான். முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து வந்தது. பிளம்பர் கையில் ரெஞ்சோடு ஈரத் தரையில் உட்கார்ந்துவிட்டான்.

அன்றைக்கே அக்காவுக்குப் போன் செய்து எல்லாவற்றையும் சொன்னான். அக்கா போனை வைத்துவிட்டு, அடுத்த பஸ்ஸில் வந்து நேராகச் சமையலறைக்குப் போனாள். மகள் பக்கத்தில் நிற்க, வாளி நிறைந்து வழிகிறவரை கேட்டாள். பிறகு குழாயை மூடினாள். "என் வளர்ப்பு நல்லால்லம்மா" என்று மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டாள். மனைவி வாயைத் திறந்து, அக்காவின் மொழியிலேயே, "உக்காருங்கண்ணி" என்றாள்.

அதற்குப் பிறகு அவள் எல்லாரிடமும் பேசினாள். அக்காவோடு வாரம் ஒரு தடவை போனில் மணிக்கணக்காகப் பேசினாள். புருஷனிடம் மட்டும் குழாய் வழியாகத்தான். அவனும் மகளிடம் உட்கார்ந்து எட்டிலிருந்து ஆரம்பித்து அந்த மொழியைப் படித்தான். மகள் படித்து முடித்து வேலைக்குப் போன வருஷத்தில் அவனுக்கு முக்கால்வாசி புரிந்தது. காலையில் குழாயடியில் வாளியை வைத்துத் திறப்பான். பல்ப் மாற்ற வேண்டும், மழை வரும், குடை எடுத்துப் போ, முட்டிவலிக்கு மருந்து போட்டாயா என்றெல்லாம் அது சொல்லும். அவன் பதில் சொல்வான். பின்னால் நின்று அவள் அவன் உச்சரிப்பைக் கேட்டுச் சிரிப்பதும் உண்டு.

சில வருஷமாக அந்தக் குழாய் மூடினாலும் சொட்டுகிறது. சொட்டுக்கு ஒரு சொல் விழுகிறது, எப்போதும் ஒரே சொல்: அவள் மொழியில் ஊமை என்பதற்கான சொல். வாஷர் மாற்றினால் ஐந்து நிமிஷ வேலை. அந்தத் தெருவில் ஒழுகும் குழாயையெல்லாம் அடைக்கிறவன் அவன்தான். இதன் அடியில் மட்டும் ஒரு கிண்ணம் வைத்திருக்கிறான். நிறைந்ததும் அதைக் குடித்துவிட்டு வேலைக்குக் கிளம்புகிறான்.