மங்கினால் நல்லது

அந்த வரியை எழுதியவள் நான்தான். இதில் வேறு யார் மேலும் பழியைப் போட வழியில்லை, போட்டுப் பார்த்தாயிற்று.

நான் வேலை பார்ப்பது சிப்பி நகைப் பட்டறையில். எங்களுக்கு முத்து வேண்டாம். முத்தை எடுத்துக்கொண்டு எவரோ தள்ளிய ஓடுதான் இங்கே மூட்டை மூட்டையாக வந்து இறங்கும். வெளிப்பக்கம் காய்ந்த சேறு மாதிரி இருக்கும். உள்பக்கத்தைத் திருப்பினால் பால்வெள்ளை. அதற்குள் கொஞ்சம் பச்சை, கொஞ்சம் ரோஜா. தண்ணீர் சொட்டச் சொட்ட அறுத்து, தேய்த்து, மெருகேற்றி, வெள்ளிக்குள் பதித்தால் டாலர், தோடு, மோதிரம். கடைக்காரர்கள் அதையே கண்ணாடிக்குள் வைத்து ‘மதர் ஆஃப் பேர்ல்’, முத்தின் தாய், என்று வாயெல்லாம் பல்லாகச் சொல்வார்கள்.

என் வேலை பெட்டி கட்டுவது. பெட்டிக்குள் பஞ்சு, பஞ்சின் மேல் நகை, நகைக்கு அடியில் ஓர் அட்டை. அந்த அட்டையில் இருக்கும் மகிமையெல்லாம் என் கைவண்ணம். முதலாளிக்கு ஒருநாள் ஞானோதயம் வந்தது.

“வெறும் சிப்பி ஓட்டை யாரும்மா வாங்குவாங்க? அர்த்தத்தைத்தான் வாங்குவாங்க. நீ நல்லா எழுதுவியே, நாலு வரி எழுது.”

எழுதினேன். முத்துக்கே தாய் என்பதால் இது அணிபவரைத் தாய்போலக் காக்கும். உறுத்திய துகளையும் ஒளியாக மாற்றிய உயிரின் வீடு இது. உங்கள் மனத்தையும் ஆற்றும். டீ ஆறுவதற்குள் எழுதி முடித்துவிட்டேன். பொய்க்கு அவ்வளவு நேரம்தான் ஆகிறது.

பிறகு நகைகள் திரும்பி வர ஆரம்பித்தன. ‘மங்கிவிட்டது, மாற்றிக் கொடு’ என்று ஒரே தொல்லை. மெருகு போடுகிறவரிடம் கொண்டுபோய்க் காட்டினேன். அவர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு, “இது என்ன வைரமா? சுண்ணாம்பு. வேர்வை பட்டா, சென்ட் பட்டா, தைலம் பட்டா மேல்தோல் போயிடும். அவ்வளவுதான் விஷயம்” என்றார்.

அவ்வளவுதான் விஷயம் என்பதை அட்டையில் போட முடியாதே. முதலாளி என் மேசைக்கு வந்து நின்று, “இதுக்கும் ஏதாவது சொல்லேன்” என்றார். எங்கிருந்து வந்ததோ, தானாக வந்து விழுந்தது அந்த வரி: ‘இது மங்கினால் நல்லது. உங்கள் வலியை இது வாங்கிக்கொண்டது. இனி அது உங்களிடம் இல்லை.’

திரும்பி வருவது நின்றது. ஒரு பெண் போன் செய்து, தன் டாலர் ஒரே மாதத்தில் மங்கிவிட்டதென்று ஆனந்தமாக அழுதாள். எனக்கு ஜன்னலோர நாற்காலி கிடைத்தது. நானும் கூச்சமில்லாமல் அதில் உட்கார்ந்தேன்.

என் தங்கைக்கு ஒரு டாலர் கொடுத்தேன். ஓரத்தில் மஞ்சள் புள்ளி இருந்ததால் ஒதுக்கிய உருப்படி. பழக்கதோஷம், அட்டையோடு சேர்த்தே கொடுத்துவிட்டேன். அவள் சலவைக் கடையில் இஸ்திரி போடுகிறாள். நாளெல்லாம் ஆவிக்குள் நிற்கிற உடம்பு. எங்கள் அம்மா வேலைக்குப் போய்விட, அவளைத் தூக்கி வளர்த்தவள் நான். முப்பத்தெட்டு வயதானாலும் எனக்குக் குட்டிதான்.

குட்டியின் இடது மார்பில் கோலிக்குண்டு அளவில் கட்டி இருந்தது. டாக்டரம்மா சோதித்துப் பார்த்துவிட்டு, அறுவை செய்து எடுத்துவிடலாம், இப்போதே வந்ததால் பிழைத்தாய், தள்ளிப் போடாதே என்று தேதி குறித்துக் கொடுத்தார். குட்டி தலையை ஆட்டிவிட்டு வந்தாள். தேதி வந்தது. அவள் போகவில்லை.

தங்கை வீட்டுக்காரர் பட்டறை வாசலுக்கே வந்துவிட்டார். “நான் சொன்னா காதுலயே வாங்கல. நீங்க சொன்னாதான் கேப்பா அக்கா” என்றார்.

அடித்துப் பிடித்துக்கொண்டு சலவைக் கடைக்கு ஓடினேன். குட்டி இஸ்திரிப் பெட்டியை ஓரமாக வைத்துவிட்டு, ரவிக்கைக்குள்ளிருந்து டாலரை எடுத்துக் காட்டினாள். சாம்பல் பூசியதுபோல ஒளியே இல்லாமல் இருந்தது. வேர்வை ஒரு பக்கம், வலிக்கு அவள் தேய்த்த தைலம் ஒரு பக்கம்.

“பாத்தியாக்கா? முழுசா வாங்கிடுச்சு. இப்ப வலியே இல்ல. எதுக்குக் கத்தி?”

அந்த இடத்திலேயே சொல்லியிருக்க வேண்டும். அடியே, அது நான் எழுதின பொய்டி என்று நாலு பேர் எதிரில் கத்தியிருக்க வேண்டும். வாய் வரவில்லை. வெட்கம். அவளுக்கு நான் அதுவரை பொய் சொன்னதில்லை. சொல்லியிருந்தாலும் அவள் கண்டுபிடித்ததில்லை. அந்தப் பெயரைக் காப்பாற்றிக்கொள்ள ஆசைப்பட்டேன். தவிர, என் புத்திசாலித்தனம் வேறு குறுக்கே வந்தது. மங்கினால் நோய் போய்விட்டது என்று நம்புகிறவள், மறுபடி பளிச்சென்று ஆனால் என்ன நினைப்பாள்? நோய் திரும்பி வந்துவிட்டதென்று பயப்படுவாள். பயந்தால் ஆஸ்பத்திரிக்குப் போவாள். உண்மையைவிடப் பயம் சீக்கிரம் வேலை செய்யும் என்று கணக்குப் போட்டேன்.

ஒதுக்கிய உருப்படிகள் கிடந்த தட்டுகளை இரண்டு நாள் கிளறி, அதே அளவில், ஓரத்தில் மஞ்சள் புள்ளியோடு ஒன்றைத் தேடிப் பிடித்தேன். மெருகு போடுகிறவர் ஒன்றும் கேட்காமல் பளபளவென்று ஆக்கிக் கொடுத்தார். குட்டியின் வீட்டுக்குப் போய், அவள் குளிக்கப் போனபோது, ஆணியில் தொங்கிய சங்கிலியில் பழையதைக் கழற்றிப் புதியதைக் கோத்தேன்.

தலையைத் துவட்டிக்கொண்டு வந்தாள். சங்கிலியை எடுத்தாள். வெளிச்சத்தில் பிடித்து இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். கொஞ்ச நேரம் பார்த்தாள்.

“அக்கா! வாங்கினதைக் கரைச்சே முடிச்சிடுச்சு, பாரேன். பளிச்சுனு ஆயிடுச்சு” என்று சிரித்தாள்.

மங்கினாலும் நல்லது, மின்னினாலும் நல்லது. கெட்டதென்று சொல்ல அட்டையில் ஒரு வார்த்தைகூட நான் வைக்கவில்லை. அதற்குப் பிறகு கெஞ்சினேன், திட்டினேன், ஒருமுறை கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு தெருமுனை வரை போனேன். அடுத்த வாரம், அடுத்த வாரம் என்று சொல்லியே நழுவினாள். அட்டையில் இருப்பது நான் எழுதிய பொய் என்ற அந்த ஒன்றை மட்டும் நான் சொல்லவில்லை.

முதலாளியிடம் போய், அந்த வரியை எடுத்துவிடலாம் என்றேன். “நல்லா ஓடுற வரிம்மா அது. உனக்கென்ன ஆச்சு?” என்றார்.

நான்காம் மாதம் குட்டி இஸ்திரி மேசை மேலேயே சரிந்தாள். ஈரலுக்கும் எலும்புக்கும் பரவிவிட்டதாம். டாக்டரம்மா என்னை வராந்தாவுக்குக் கூப்பிட்டு, “அன்னைக்கே வந்திருக்கலாமே, யாருமே எடுத்துச் சொல்லலையா?” என்று கேட்டார். அவர் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் தேவலாம்.

இனி மறைத்து யாரைக் காப்பாற்ற? மதியம், பார்வையாளர் நேரத்தில், கட்டில் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கொட்டினேன். சுண்ணாம்பு, வேர்வை, தைலம், நான் மாற்றிய டாலர், நான் எழுதிய அட்டை. சொல்லச் சொல்ல மூக்கும் கண்ணும் ஒழுகின. குட்டி விட்டத்தைப் பார்த்துக்கொண்டே கேட்டாள்.

“டாலரை மாத்தினது தெரியும்க்கா. மஞ்சப் புள்ளி இந்தப் பக்கம் இருந்தது, அந்தப் பக்கம் போயிடுச்சு. அன்னைக்கு நான் உள்ளுக்குள்ள பயந்துக்கிட்டுதான் இருந்தேன். அதைப் பாத்து எனக்குத் தைரியம் சொல்லத்தான் புதுசு மாட்டுறன்னு நெனச்சேன். நீயே சரியாயிடுச்சுன்னு சொல்றப்ப, அப்புறம் நான் எதுக்குப் பயப்படணும்? அதுக்கப்புறம் நீ கெஞ்சினது, இழுத்தது எல்லாம் எங்க வீட்டுக்காரர் சொல்லித்தான்னு நெனச்சேன்.”

நான் வாயைப் பொத்திக்கொண்டேன்.

“அட்டையும் தெரியும். பெட்டியைத் திறந்த அன்னைக்கே தெரியும். ‘இனி அது உங்களிடம் இல்லை’. எனக்குக் காய்ச்சல் வந்தா நெத்தியில கை வச்சு நீ இதைத்தானே சொல்லுவ? ‘நான் வாங்கிக்கிட்டேன், இனி அது உன்கிட்ட இல்ல’ன்னு. மறுநாள் எந்திரிச்சு ஓடுவேன். வேற யாராவது எழுதியிருந்தா குப்பையில போட்டிருப்பேன். நீ எழுதினதுன்னுதான் நம்பினேன்.”

பக்கத்துக் கட்டிலில் யாரோ இருமினார்கள். நர்ஸ் ஒருத்தி வந்து பாட்டிலைச் சரிசெய்துவிட்டுப் போனாள். மன்னிப்புக் கேட்க வாயைத் திறந்தேன். அவள் அதற்குக் காத்திருக்கவில்லை. என் கையைத் தானே இழுத்துத் தன் நெற்றியில் வைத்துக்கொண்டாள்.

“ரொம்ப வலிக்குதுக்கா. சொல்லேன்.”

சொன்னேன். நான் வாங்கிக்கிட்டேன்டி குட்டி, இனி அது உன்கிட்ட இல்ல.

அவள் முகம் தளர்ந்தது. கண்ணை மூடிக்கொண்டாள். பார்வையாளர் நேரம் முடிந்ததென்று மணி அடிக்கும்வரை நான் கையை எடுக்கவில்லை. என் கைக்கு வந்தது அவள் சூடு மட்டும்தான்.