கார் வழியாக வந்த அத்தை

1

இந்தக் கதையை எழுதச் சொன்னது லுத்தாயாவின் மனைவி நமுத்தேபி. அவளைப் பெண் கேட்டுப் போன அன்று அவள் வீட்டுக்குள் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருந்ததால் வெளியே நடந்ததில் பாதி அவளுக்குத் தெரியாது. “எங்க வீட்டுக்காரரைக் கேட்டா சிரிக்கிறாரே தவிர வாயைத் திறக்கமாட்டேங்கிறார். நீங்க எழுதுங்க” என்றாள். எனக்குத் தமிழில்தான் எழுத வரும் என்றேன். எழுதிவிட்டு வந்து எங்கள் லுகாண்டா மொழியில் சொல்லுங்கள் என்றாள். தப்பிக்க வழியில்லை.

முதலில் இப்படித் தொடங்கினேன்: “மித்யானாவின் சரிவுகளில் மூடுபனி மெல்ல—”

பெண்ணின் ஊரான மித்யானாவில் அன்று பனியே இல்லை. உச்சி வெயில். நாங்கள் ஒன்பது ஆண்கள் வெள்ளை நீளங்கிக்கு மேல் கோட்டும் போட்டு வெந்துகொண்டிருந்தோம்.

அடுத்தது: “ஒரு ஜெனரேட்டர் நின்றால் ஒரு கல்யாணம் நிற்குமா?” கேள்வி கேட்டுக் கதையைத் தொடங்குகிறவர்களை எனக்கே பிடிக்காது. அடித்துவிட்டேன். நடந்ததை நடந்தபடி சொல்கிறேன்.

2

லுத்தாயாவும் நானும் கம்பாலாவில் ஒரே அச்சகத்தில் பல வருஷமாக வேலை பார்க்கிறோம். அவன் இயந்திரம் ஓட்டுகிறவன், நான் பிழை திருத்துகிறவன். அவன் ஊர் வழக்கப்படி பெண் கேட்டுப் போகும்போது மாப்பிள்ளை பேசக் கூடாது. இரண்டு பக்கமும் ஆளுக்கொரு பேச்சாளரை வைத்து, எதிரெதிர்ப் பந்தலில் உட்கார்ந்து, நாள் முழுக்க ஒருவரையொருவர் வாரிக்கொள்வார்கள். மாப்பிள்ளை எங்களைப் போலவே உடுத்தி எங்களுக்கு நடுவே ஒளிந்திருப்பான். பெண்ணின் அத்தை வந்து, வரிசையில் நடந்து, அவனைக் கண்டுபிடித்து நெஞ்சில் பூக் குத்த வேண்டும். குத்தினால் மருமகன். குத்தாவிட்டால் விருந்துக்கு வந்த யாரோ.

அப்பாவின் உடன்பிறந்தவளை அங்கே சென்கா என்பார்கள். நமக்கு அத்தை என்றால் போதும்.

அந்த அத்தை நல்வத்தா, இரண்டு நாள் முன்பு மோட்டார் சைக்கிளிலிருந்து விழுந்து, மசாக்காவில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் காலைத் தூக்கிக் கட்டிப் படுத்திருந்தாள். வேறு அத்தைகளும் இருந்தார்கள். ஆனால் இந்த அத்தை வாயால் சொல்லாமல் வெளியே வரமாட்டேன் என்று நமுத்தேபி கதவைச் சாத்திக்கொண்டாள். லுத்தாயாவை நல்லவன் என்று முதலில் சொன்னது இவள்தான்.

சிக்கல் என்னவென்றால், பெண்ணின் அப்பா லுபோவா தன் அக்கா நல்வத்தாவோடு பேசுவதில்லை. அவள் தன் பங்குக் காப்பித் தோட்டத்தை வெளியாளுக்கு விற்றதிலிருந்து பேச்சு நின்றுபோயிற்று.

(முதல் பிரதியில் லுபோவாவை வில்லனாக எழுதினேன். மீசையெல்லாம் வைத்தேன். அவருக்கு மீசை கிடையாது. அக்கா விழுந்த செய்தி வந்த அன்று ஆஸ்பத்திரிக்குப் பழமும் பாலும் அனுப்பியது அவர்தான் என்று பிறகு தெரிந்தது. தன் பெயரைச் சொல்லக் கூடாது என்று சொல்லி அனுப்பியிருக்கிறார். மீசையை எடுத்துவிட்டேன்.)

போனில் அத்தை பேசட்டும், அதை மைக்கில் பிடிக்கலாம் என்று முடிவானது. லுபோவா ஒரு நிபந்தனை போட்டார். “பந்தல்ல இருக்கிற எல்லாரும் கேக்கணும். ஒருத்தர் காதுல மட்டும் விழுந்தா அது சம்மதம் இல்ல, வதந்தி.”

அப்போதுதான் ஜெனரேட்டர் இரண்டு முறை இருமி, கரும்புகை விட்டு நின்றது. ஊரிலும் மின்சாரம் இல்லை.

3

பெண் வீட்டுப் பேச்சாளர் செபுன்யா நாக்கில் கத்தி வைத்திருப்பவர். எங்கள் பக்கத்துப் பேச்சாளர் பெயர் கத்து. தமிழ் வாசகர்கள் சிரிப்பீர்கள் என்று தெரிந்தும் மாற்றவில்லை. அது அவர் பெயர். காலையிலிருந்து பேசிப் பேசி அவருக்குத் தொண்டை கட்டியிருந்தது.

செபுன்யா தன் போனைத் தூக்கிக் காட்டினார். அத்தை அழைப்பில் இருந்தாள். கொசு பாடுவது போலக் கேட்டது. பிறகு எங்கள் பந்தலுக்குப் பின்னால் பார்த்தார்.

“அங்க வெள்ளையா ஒரு காரு பளபளன்னு நிக்குதே. அது வாய் பேசுமா, இல்ல மாப்பிள்ளை மாதிரி ஊமையா?”

“பேசும்” என்றார் கத்து கரகரத்த குரலில். “ஆனா ஜப்பான் பாஷை பேசும்.”

உண்மைதான். கப்பலில் மொம்பாசாவுக்கு வந்து, லுத்தாயா கைக்குக் கிடைத்து ஒரு வாரம்தான் ஆகியிருந்தது. திரையில் இருந்த ஒரு எழுத்தும் எங்களுக்குப் புரியாது. அவன் இதுவரை ரேடியோவைக்கூடப் போட்டதில்லை.

லுத்தாயா மட்டும் எழுந்து போனால் கார் யாருடையது, மாப்பிள்ளை யார் என்று தெரிந்துவிடும். அதனால் ஒன்பது பேரும் எழுந்தோம். ஒரு காரைச் சுற்றி ஒன்பது வெள்ளை அங்கிகள். எதிர்ப் பந்தலில் கைதட்டினார்கள்.

செபுன்யாவும் போனோடு வந்து, சாவி யார் கையில் என்று பார்த்தும் பாராதவர் போல முன்சீட்டில் ஏறினார். எதிரிப் பக்கத்துப் போன், எங்கள் பக்கத்துக் கார். லுத்தாயா சாவியைத் திருப்பியதும் ஒரு ஜப்பான்காரப் பெண் குரல் மிக மரியாதையாக ஏதோ சொன்னது. அதற்கு எதிர்ப் பந்தல் ஒரே குரலில் “நல்லா இருக்கோம்மா” என்று பதில் சொன்னது.

புளூடூத்தின் அடையாளம் மட்டும் எங்களுக்குத் தெரியும். அதைத் தேடித் தேடிக் கண்டுபிடித்து அழுத்தினான். ஒரு பட்டியல் வந்தது. பழைய சொந்தக்காரரின் போன்கள். இடம் நிறைந்திருந்தது போலிருக்கிறது, புதிதாக எதையும் சேர்க்க மறுத்தது. ஒன்றை நீக்கினோம்.

(முகம் தெரியாத அந்த ஜப்பான்காரரைப் பற்றி இங்கே ஒரு பத்தி உருக்கமாக எழுதியிருந்தேன். அவரைத் துளிக்கூட நாங்கள் நினைக்கவில்லை என்பதே உண்மை. அவசரம்.)

செபுன்யாவின் போன் தேடியது. யாருடைய காதுபேசியோ வந்தது, வீட்டுக்குள் இருந்த ஏதோ வந்தது, கடைசியாக எழுத்தும் எண்ணுமாக ஒரு பெயர் வந்தது. அதைத் தொட்டார். போனில் ஒரு எண், கார்த் திரையில் அதே எண், கீழே இரண்டு பொத்தான்கள். ஒன்று ஆம், ஒன்று இல்லை. எது எது என்று யாருக்குத் தெரியும்? லுத்தாயா இடதை அழுத்தினான். எல்லாம் மறைந்தது.

“பாத்தீங்களா, கேட்ட உடனே வேணாங்குது” என்றார் செபுன்யா. “பொண்ணு வீட்டையே தொரத்துற மாப்பிள்ளை வீட்ட இன்னைக்குத்தான் பாக்கிறேன்.”

லுத்தாயா கையை அங்கியில் துடைத்துக்கொண்டு மறுபடி தொடங்கினான். இரண்டாம் முறை எண் வருவதற்குள் போனின் திரை அணைந்து, கார் காத்திருந்து சலித்துக் கைவிட்டது. எதிர்ப் பந்தலில் சிரிப்பு குறைந்துவிட்டதைக் கவனித்தேன். லுபோவா நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டார். வீட்டுக் கதவு சாத்தியே இருந்தது. மூன்றாம் முறை கண்ணை மூடிக்கொண்டு வலதை அழுத்தினான்.

இணைந்தது. ஆனாலும் சத்தம் போனிலேயே இருந்தது. செபுன்யா போனில் ஸ்பீக்கர் என்ற இடத்தைத் தொட்டு, அங்கே வந்த பட்டியலில் காரைத் தேர்ந்தெடுத்தார்.

“—கேக்குதா? யாராவது இருக்கீங்களா? இந்த நர்ஸ் பொண்ணு நான் தனியா பேசிட்டிருக்கேன்னு பாக்குது.”

முன்கதவுகளிலிருந்து அத்தை வந்தாள். காரைத் திருப்பி நிறுத்திக் கதவுகளை விரியத் திறந்துவிட்டோம். அடுப்படியில் வாழைக்காய் கிளறிக்கொண்டிருந்த பெண்கள்வரை கேட்டது. குலவை எழுந்தது. நானும் கத்தினேன் என்று பிறகு சொன்னார்கள்.

4

இங்கே முடித்திருக்கலாம். செபுன்யா விடவில்லை. கண்ணால் பார்க்காத அத்தை எப்படிப் பூக் குத்துவாள் என்று கேட்டார். ஒன்பது பேரும் ஆளுக்கு ஒரு முறை காருக்குள் தலையை நீட்டி, “அத்தே, என்னைத் தெரியுதா?” என்று கேட்க வேண்டும். குரலை வைத்து அவள் சொல்லட்டும்.

முதலில் கத்து. “இது கூலிக்குப் பேசுற தொண்டை, தேன் குடிக்கச் சொல்லுங்க” என்றாள். அடுத்தது நான். “இது இந்த ஊர் மூக்கே இல்ல” என்றாள். பந்தலே குலுங்கியது. இன்னும் ஆறு பேரையும் ஒவ்வொருவராகத் தள்ளினாள்.

லுத்தாயா தலையை நீட்டினான். வாய் திறந்தது. வார்த்தை வரவில்லை. இயந்திரச் சத்தத்தில் வாழ்ந்து பழகியவன், இவ்வளவு பெரிய அமைதியை அவன் பார்த்ததில்லை.

(இந்த இடத்தில் அவனை ஒரு வசனம் பேச வைக்க ஆசைப்பட்டேன். “அத்தே, நான் உங்கள்—” வேண்டாம். பேசவில்லை என்றால் பேசவில்லை.)

மூச்சு மட்டும் கேட்டது.

“இந்தப் பேசாத ஆள் யாரு?” என்றாள் அத்தை. “இவன்தான். எங்க வீட்டுக்கு முதமுதல்ல வந்தப்பவும் இப்படித்தான் மூச்சு விட்டுக்கிட்டு உக்காந்திருந்தான். சாயங்காலம் போகும்போது கூரையில ஒழுகுற இடத்தை அடைச்சிட்டுப் போனான். பூவைக் குத்துங்க.”

பூவைக் குத்தியது செபுன்யா. சாத்தியிருந்த கதவு திறந்தது. நமுத்தேபி மூன்று நிறம் மின்னும் உடையில், முழங்கையை ஆட்டி ஆட்டி, பத்துப் பெண்கள் புடைசூழ ஆடிக்கொண்டே வந்தாள். லுத்தாயா அழுதான், சிரித்தான், இரண்டும் சேர்த்துச் செய்தான். அன்று இலையில் கட்டி வேகவைத்த கோழி போல நான் அதற்குப் பிறகு சாப்பிட்டதில்லை. கத்துவுக்குக் குரல் திரும்பி வந்தது, பாட்டுப் பாடினார். நாங்கள் பெண் கேட்டோம், கிடைத்தது. கேட்பவர்களிடமெல்லாம் இதை இப்படித்தான் சொல்கிறேன், மார்பை நிமிர்த்திக்கொண்டு.

5

ஆனால் பூக் குத்தியதற்கும் கதவு திறந்ததற்கும் நடுவே ஒன்று நடந்தது. அதைத் தாண்டி எழுதிவிட்டேன், வேண்டுமென்றேதான்.

குலவை அடங்கியதும் கார் மறுபடி பேசியது. “என் தம்பி அங்க இருக்கானா?”

லுபோவா எழுந்தார். அங்கியின் ஓரத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு புல்வெளியைக் கடந்து வந்தார். செபுன்யாவை இறங்கச் சொல்லிக் கையசைத்தார். போனை இருக்கையிலேயே வைத்துவிட்டு செபுன்யா இறங்கினார். லுபோவா ஓட்டுநர் இருக்கையில் உட்கார்ந்து, எல்லாக் கதவுகளையும் சாத்தச் சொன்னார். நானும் ஒன்றைச் சாத்தினேன்.

கண்ணாடிக்கு அப்பால் அவர் இரண்டு கையாலும் ஸ்டீயரிங்கைப் பிடித்திருந்தார். உதடு அசைந்தது. பிறகு கேட்டுக்கொண்டிருந்தார். வெளியே வந்தபோது நேராகப் போய் மகள் சாத்தியிருந்த கதவைத் தட்டினார்.

ஒரு பிரதியில் அவரை மன்னிப்புக் கேட்க வைத்தேன். ஒன்றில் அக்கா கேட்டாள். இன்னொன்றில் இருவரும் காப்பித் தோட்டத்தைப் பற்றியே பேசவில்லை. கால் வலிக்கிறதா, பால் வந்து சேர்ந்ததா என்று மட்டும் பேசினார்கள். மூன்றையும் கிழித்தேன். நான் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்றவன். எனக்கு அதைச் சொல்ல உரிமை கிடையாது.

உங்களுக்கு அப்படித் தடை ஒன்றும் இல்லை. நீங்கள் இந்தக் கல்யாணத்துக்கு அழைக்கப்படாதவர், உங்களை யாரும் கவனிக்கமாட்டார்கள். காரின் பின்பக்கம் ஏறிக்கொள்ளுங்கள், கதவை மெல்லச் சாத்துங்கள். லுபோவா தொண்டையைச் செருமிக்கொள்கிறார்.