சுடாத வெளிச்சம்

"கண்ணாடி பார்க்காமலே வெளிச்சம் உங்க மேல விழுதான்னு எப்படிங்க கண்டுபிடிக்கிறீங்க?" என்று முன்பு ஒரு பத்திரிகைக்காரன் எத்தெல்காவிடம் கேட்டான். "கன்னம் சுடும்ப்பா" என்றாள் அவள். விளையாட்டுக்குச் சொல்லவில்லை. முப்பது வருட நடிப்பில் அந்தச் சூடு அவளை ஒருநாளும் ஏமாற்றியதில்லை.

இந்தப் படத்தில் கன்னம் சுடவே இல்லை.

புடாபெஸ்ட் ஸ்டுடியோவுக்குள் ஒரு சமையலறை போட்டிருந்தார்கள். வீட்டை விட்டுப் போகிறேன் என்று மகள் சொல்கிறாள், அடுப்படியில் நிற்கிற அம்மா கேட்கிறாள். அவ்வளவுதான் காட்சி. எத்தெல்காதான் அம்மா. மகளாக நடித்த ஹய்னல் ஜன்னலில் சாய்ந்து நின்றாள். இருந்த ஒரே பெரிய விளக்கைக் கேமராமேன் பர்னபாஷ் அந்த ஜன்னலுக்கு வெளியே வைத்திருந்தான். எத்தெல்காவுக்கு எதிரே ஒரு வெள்ளைப் படுக்கை விரிப்பைக் கட்டித் தொங்கவிட்டிருந்தான்.

"ஐயோ, முதுகு வேகுது!" என்றாள் ஹய்னல்.

வேகாமல் என்ன செய்யும், வெளிச்சம் பூரா உனக்குத்தானே என்று நினைத்துக்கொண்டாள் எத்தெல்கா.

"தம்பி, என் விளக்கு எங்கே?"

பர்னபாஷ் விரிப்பைக் காட்டினான்.

"அது துணிப்பா."

"அதுதாம்மா உங்க விளக்கு."

மேக்கப் போடும் தெர்க்கா காதோடு காதாகச் சொன்னாள். "நிலக்கரிச் சுரங்கத்துல செய்திப் படம் எடுத்து வந்த ஆளும்மா. தொழிலாளி தலையில எரிஞ்ச விளக்குதான் அங்க லைட்டு. வெளிநாட்டுல பரிசெல்லாம் வாங்கிட்டான், இன்னும் ரெண்டாவது விளக்குப் போட மனசு வரல."

"எனக்குப் போட மனசு வரலைன்னு சொல்லு."

அவள் முகத்துப் பவுடரையும் துடைக்கச் சொல்லிவிட்டான் பர்னபாஷ். எத்தெல்காவுக்குச் சந்தேகம் முற்றியது. இயக்குநர் ஹய்னலிடம் மட்டும் குனிந்து குனிந்து பேசுகிறார். லைட் ஆட்கள் "கைக்கு முத்தம்மா" என்கிற வழக்கமான வணக்கத்தைக்கூட விழுங்கிவிடுகிறார்கள். நாலு வருடமாக யாரும் அவளைக் கூப்பிடவில்லை. இதிலும் இருட்டில் நின்றால் இனிமேல் கூப்பிடவே மாட்டார்கள்.

"இன்னிக்கு எடுத்ததை எனக்குப் போட்டுக் காட்டு. இல்லேன்னா வேற அம்மாவைத் தேடிக்கோ."

நடிகர்களுக்குக் காட்டும் வழக்கம் அங்கே இல்லை. பர்னபாஷ் தோளைக் குலுக்கினான். "பிலிம் கழுவி வரட்டும். நாளைக்கு சாயங்காலம் வாங்க."

மறுநாள் படம் போட்டுக் காட்டும் அறைக்கு, கசகசா வைத்த ரொட்டியைக் கடித்தபடி ஹய்னலும் ஒட்டிக்கொண்டாள். "நான் எவ்வளவு அழகா இருக்கேன்னு பாக்க வேணாமா?"

"பாரும்மா, நல்லாப் பாரு. உன் படம்தானே!" என்றாள் எத்தெல்கா.

திரையில் அடுப்படி வந்தது. எத்தெல்காவின் முகம் மெல்லத் திரும்பியது. நெற்றிக் கோடுகளும் கண்ணுக்குக் கீழே இருந்த தொய்வும் எதுவும் மறைக்கப்படவில்லை. ஆனால் நடுங்கிய உதட்டையும், அழுகையை அடக்கிய கண்ணையும், வெள்ளை விரிப்பில் பட்டுத் திரும்பிய வெளிச்சம் விட்டு அகலவில்லை. ஜன்னலில் ஹய்னல் ஒரு கரிய உருவமாக நின்றாள். தலைமுடியின் ஓரம் மட்டும் மின்னியது, முகம் தெரியவே இல்லை.

இவ்வளவுக்குப் பிறகும் எத்தெல்காவால் நம்ப முடியவில்லை. "யார் சொல்லி இப்படிப் பண்ணினே?" என்று பர்னபாஷை அதட்டினாள்.

"யாரும் சொல்லலை. போறவளைப் பார்த்து என்னம்மா ஆகப்போகுது? நிக்கிறவளைத்தான் பார்க்கணும்."

அதே துண்டு இரண்டாவது தடவையும் ஓடியது. இப்போதும் ஜன்னலில் முகம் இல்லை. ஹய்னல் மெல்லுவதை நிறுத்தினாள். பாதி ரொட்டியை நாற்காலியிலேயே வைத்துவிட்டு எழுந்து, இருவரையும் தாண்டி வெளியே போனாள்.