அடுத்த வாக்கியம்

"முழுசாத் திறங்க. இத்தனூண்டு சந்துல உயிர் எப்படிப் போகும்? மனுஷன் ஒல்லிகூட இல்ல," என்றாள் சிஸ்டர் ரோஸ்வித்தா.

அல்மூத் ஜன்னலின் இரு கதவுகளையும் விரியத் திறந்தாள். கேட்டிங்கன் நகரத்துப் பனிக்குளிர் உள்ளே நுழைந்தது. கட்டிலில் அவள் அப்பா, பேராசிரியர் ஹாரோ வீகண்ட், கிடந்தார். மூச்சு எப்போது நின்றதென்று நாற்காலியில் கண்ணயர்ந்த மகளுக்கும் தெரியாது, காலையில் வந்த நர்ஸுக்கும் தெரியாது.

"டாக்டர் வந்ததும் நேரம் கேப்பாரு. என்ன சொல்றது?" துணியைப் பிழிந்தபடி ரோஸ்வித்தா கேட்டாள்.

"அப்பாவத்தான் கேக்கணும். வாழ்க்கை முழுக்க அதைத்தானே எழுதினாரு."

"சாவைப் பத்தியா? சட்ட வாத்தியார்னு சொன்னாங்க!"

வெந்நீர்ப் பாத்திரத்தை இரு கைகளாலும் பிடித்துக்கொண்டே அல்மூத் விளக்கினாள். நாடு தாக்கப்பட்டால் போர்நிலையை நாடாளுமன்றம் அறிவிக்க வேண்டும். அதைக் கூட்ட முடியாவிட்டால் ஒரு சிறு குழு அறிவிக்கும். அந்தக் குழுவும் இல்லாமற்போனால்? அதற்கும் அரசியல் சட்டத்தில் ஒரு வாக்கியம் இருக்கிறது. இன்றுவரை யாரும் பயன்படுத்தாத அந்த வாக்கியத்துக்குத்தான் அப்பா காலமெல்லாம் உரை எழுதினார்.

சிறுவயதில் சாப்பாட்டு மேசையில் அவள் அதை ஒப்பிப்பாள். விரிவுரை முடிந்ததும் மாணவர்கள் விரல்முட்டியால் பெஞ்சைத் தட்டிப் பாராட்டுவதுபோல அப்பாவும் மேசையைத் தட்டுவார். ஒரு தட்டு என்றால் சரி. கூடவே இன்னொன்று விழுந்தால், அடுத்த வாக்கியம். அவள் சட்டப்படிப்பை விட்டுப் பியானோவுக்குச் சுருதி சேர்க்கப் போனாள். அதன்பிறகு அந்த விரல்கள் அவளுக்காகத் தட்டவேயில்லை. நேற்றும் அவர் கையருகே அமர்ந்து ஒப்பித்துப் பார்த்தும் தட்டு விழவில்லை என்றாள்.

"தப்பாச் சொல்லியிருப்பீங்க," ரோஸ்வித்தா சிரித்தாள். "எனக்கே கரண்டி பிடிக்கப் பாடம் எடுத்தவரு."

"ஒரு சொல்லுகூடத் தப்பில்ல சிஸ்டர். கேளுங்க. 'அறிவிக்க எவரும் இல்லாவிடில், தாக்குதல் தொடங்கிய அந்த நேரத்திலேயே அறிவிப்பு செய்யப்பட்டதாகக் கருதப்படும்.'"

டக். டக்.

ரோஸ்வித்தாவின் கை நின்றது. "நீங்களா?"

அல்மூத்தின் கைகளில் பாத்திரம் இருந்தது. ஒலியைப் பிரித்தறிவது அவள் தொழில். இது மரத்தில் எலும்பு படும் ஒலி. ஜன்னல் திறந்திருந்தும் தலைமாட்டில் ஏற்றிவைத்த மெழுகுவர்த்தியின் சுடர் அசையாமல் நின்றது. போர்வைக்குள் மடித்து வைத்திருந்த அப்பாவின் வலக்கை இப்போது கட்டிலின் மரச்சட்டத்தின்மேல் கிடந்தது.

"வழுக்கியிருக்கும்," என்றாள் ரோஸ்வித்தா. ஆனால் அதை எடுத்து உள்ளே வைக்கவில்லை.

அல்மூத் பாத்திரத்தைக் கீழே வைத்தாள். முதுகை நிமிர்த்திக்கொண்டாள்.

"'சூழ்நிலை இடம் தந்ததும் அந்த நேரத்தைக் குடியரசுத் தலைவர் அறிவிப்பார்.'"

கீழே டாக்டர் அழைப்புமணியை அடித்தார். இருவரும் அந்த விரல்களை விட்டுப் போகவில்லை. ரோஸ்வித்தாவின் கையிலிருந்த துணி தரையில் சொட்டிக்கொண்டிருந்தது.