கதவிலிருந்து கிழித்த தாள்

வக்கீல் ஸ்ரீஜித் இரண்டு முறை நாட்களை எண்ணிப் பார்த்துவிட்டுப் பேனாவை மூடினார். எதிரே சுயம்புராஜும் சபிதாவும் உட்கார்ந்திருந்தார்கள். வடசேரிச் சந்தையில் வாழைக்குலைக் கடை வைத்திருந்த சுயம்புராஜ், வீட்டை அடமானம் வைத்துக் கடன் வாங்கியிருந்தார். தவணை தவறியது அவருக்குத் தெரியும். வங்கி வீட்டை ஏலம் விட்டதோ, ஏலம் எடுத்தவர் முந்தின நாள் வாசலில் வந்து நின்றபோதுதான் தெரிந்தது.

“ஏலம் முடிஞ்சு அம்பத்தொரு நாள் ஆச்சு அண்ணாச்சி. நாப்பத்தஞ்சு நாளுக்குள்ள மதுரைத் தீர்ப்பாயத்துல மனு போட்டிருக்கணும்.”

“நோட்டீசே வரலியே தம்பி.”

வங்கி அனுப்பிய போட்டோவை ஸ்ரீஜித் காட்டினார். அவர்கள் வீட்டுக் கதவில் ஏல அறிவிப்பு ஒட்டியிருந்தது. சபிதா தேதியைப் பார்த்தாள். மகள் அஸ்வதியைப் பெண் பார்க்க வந்த நாள். காலையில் எல்லோரும் சுசீந்திரம் கோயிலுக்குப் போயிருந்தார்கள். திரும்பி வந்தபோது கதவில் எதுவும் இல்லை. வாசல் தெளித்துக் கோலம் போட்டு வைத்திருந்தது பக்கத்து வீட்டுப் பகவதியம்மாள்.

வக்கீலைப் பார்த்துவிட்டு வந்த சாயங்காலமே சபிதா போய்க் கேட்டாள். பகவதியம்மாள் மறுக்கவில்லை. பீரோவைத் திறந்து, பட்டுப்புடவைக்கு அடியிலிருந்து நான்காக மடித்த தாளை எடுத்தாள்.

“மாப்பிள்ள வீட்டுக்காரங்க இதையா பாக்கணும்னு கிழிச்சேன் மக்கா. உங்களுக்குத் தெரிஞ்ச விசயம்னு நெனச்சேன். நானா பேச்செடுத்தா உன் மனசு நோவும்லா?”

தாளைப் படித்த ஸ்ரீஜித் நிமிர்ந்து உட்கார்ந்தார். “முப்பது நாள் கொடுக்கணும். பத்தொம்பது நாள்தான் கொடுத்திருக்காங்க. நல்ல கேஸு. இந்த அம்மா நான்தான் கிழிச்சேன்னு எழுதிக் கொடுத்தா, தாமதத்தை மன்னிக்கச் சொல்லிக் கேக்கலாம்.”

துபாயிலிருந்து பகவதியம்மாளின் மகன் ஆதர்ஷ் போனில் கத்தினான். “உனக்கு எதுக்கும்மா கோர்ட்டு?” பகவதியம்மாள் போனை வைத்துவிட்டுக் கையெழுத்துப் போட்டாள்.

மதுரையில் அவள் சொன்னதை யாரும் சந்தேகப்படவில்லை. ஆனால் ஏல அறிவிப்பு பத்திரிகையிலும் வந்திருந்தது. சுயம்புராஜ் தினமும் படிக்கும் பத்திரிகைதான். ஏலப் பக்கத்தை மட்டும் அவர் ஒருநாளும் திறந்ததில்லை. அடுத்த வீட்டு அவமானத்தைப் படிக்கக் கூடாது என்பது அவர் எண்ணம். அதை எந்த மனுவில் எழுதுவது? தெரியாது என்று சொல்வதை ஏற்க முடியாதென்று மனுவைத் தள்ளிவிட்டார்கள்.

“மேல்முறையீடு இருக்கு அண்ணாச்சி. ஆனா கடன்ல பாதியைக் கட்டணும்” என்றார் ஸ்ரீஜித். சுயம்புராஜ் வேண்டாமென்று தலையை அசைத்தார்.

வடசேரிக்குத் திரும்பும் பஸ்ஸில் பகவதியம்மாள் கடைசி சீட்டில் தனியாக உட்கார்ந்து, முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். திருமங்கலம் தாண்டியதும் சபிதா எழுந்து போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

“மைனி, அடுத்த மாசம் அஸ்வதி கல்யாணத்துக்கு உங்க முற்றத்துல பந்தல் போட்டுக்கிடட்டுமா?”

“இத என்கிட்ட கேக்கவா செய்யணும்?” என்று பகவதியம்மாள் முகத்திலிருந்து முந்தானையை எடுத்தாள்.

முன்சீட்டில் சுயம்புராஜ் அன்றைய பத்திரிகையின் ஏலப் பக்கத்தை விரித்து, தெரிந்தவர்கள் யாராவது இருக்கிறார்களா என்று ஒவ்வொரு பெயராகப் படித்துக்கொண்டு வந்தார்.