அரசன் சொல்லாத வார்த்தை

கியும்ரி நாடக அரங்கில், மேடையின் முன்விளிம்பிலுள்ள சிறு பெட்டிக்குள் உட்கார்ந்து, நடிகர்கள் மறந்த வசனத்தை எடுத்துக் கொடுப்பது என் வேலை. அன்று அரசன் வேடத்தில் வஹ்ராம் தோகாத்யான். ஆர்மேனியா முழுவதும் திரையில் பார்த்துப் பழகிய முகம். இன்னொரு முறை வசனத்தை மறந்தால் வேடம் வேறொருவருக்குப் போய்விடும் என்று இயக்குநர் சொல்லியிருந்தார்.

துரோகிக்கு மரண தண்டனை விதிக்கும் இடத்தில் அவர் நின்றுவிட்டார். எடுத்துக் கொடுத்தேன். மெதுவாகச் சொல்லிவிட்டேனோ என்று மறுபடி சொன்னேன். அவர் கண்கள் என்னைத் தாண்டி எங்கோ அலைந்தன.

அவர் துரோகியின் கன்னத்தைத் தொட்டு, "உன் வலி எனக்கு வரட்டும்டா கண்ணு" என்றார். எங்கள் ஊரில் ரொட்டி விற்பவள்கூடச் சொல்லும் வார்த்தைதான்; ஆனால் அந்த அரசன் சொல்லக்கூடியதல்ல. துரோகியாக நடித்தவன் நிஜமாகவே அழுதுவிட்டான். கைதட்டல் ஓயவில்லை.

திரைக்குப் பின்னால் இயக்குநர் அவரைக் கட்டிக்கொண்டார். "கிழட்டுச் சிங்கமே, இனி தினமும் இதையே சொல்லு."

நான் தண்ணீர் கொடுத்தேன். "பயந்தே போயிட்டேன் வாத்தியாரே."

அவர் என் கையை இறுகப் பிடித்து, காதருகே கேட்டார்: "அந்தப் பையன் ஏம்மா அழுதான்? இது யாரு வீடு?"